உளவாளியைக் கூட்டி வந்த கதை

வெள்ளவத்தை
ஞாயிறு

அன்பு மச்சான்,

உன் கடைசி மடலுக்குப் பதில் போடவில்லை என்று நீ ஏசுவது நியாயம்தான். ஏசி முடித்துவிட்டு வாசி. வீட்டில் எல்லோரும் சுகம். அம்மாவுக்கு முழங்கால் நோ அப்படியே இருக்கிறது, வாய்க்கு ஒரு குறையும் இல்லை.

விசயத்துக்கு வருகிறேன். நாங்கள் இப்போது பார்ப்பது ஒரு தனியார் ஆஸ்பத்திரியின் சனலிங் மென்பொருள், டொக்டரைப் பார்க்க முன்பதிவு செய்கிறது. பின்னேரம் பெரிய டொக்டர்மார் வந்து இறங்குகிற நேரம் பார்த்து நோயாளர் பட்டியல் திறக்காது. கவுண்டரில் இருக்கும் பிள்ளைகள் சனத்திடம் வாங்கிய திட்டை அப்படியே எங்களுக்கு அனுப்பிவிடுவார்கள். டேட்டாபேஸ் பார்க்கிறவர் நம் சோடாப்புட்டியின் அச்சு. "ஸ்லோ குவெரி லொக்கில் ஒன்றுமே இல்லை, என் பக்கம் சுத்தம்" என்று கையை விரித்துவிட்டார். எப்படி இருக்கும்? எங்கள் டேட்டாபேஸ் மைஎஸ்கியூஎல். அதில் யாரும் மாற்றாவிட்டால் அந்த லொக், அதாவது பதிவேடு, 10 செக்கனுக்கு மேல் இழுக்கிற குவெரியை (டேட்டாபேஸிடம் கேட்கிற கேள்வியை) மட்டும்தான் எழுதும்.

அப்போதுதான் பி6ஸ்பையை இறக்கினேன். தலைப்பில் சொன்ன உளவாளி அதுதான். சும்மா கிடைக்கிற ஒரு சின்ன ஜார் கோப்பு, ஜாவா நிரல் பொதி. மற்ற ஜார்களோடு போட்டுவிட்டு, டேட்டாபேஸ் இணைப்பு முகவரியில் 'ஜேடிபிசி' என்ற சொல்லுக்குப் பின்னால் அதன் பெயரைச் செருகி, டேட்டாபேஸோடு பேசுகிற டிரைவரின் பெயரையும் மாற்றினால் சரி. கோடில் ஒரு வரிகூடத் தொடவில்லை. மென்பொருளுக்கும் உண்மையான டிரைவருக்கும் நடுவில் குந்திக்கொண்டு, போகிற ஒவ்வொரு குவெரியையும் அது எடுத்த மில்லிசெக்கனோடு எழுதி வைக்கும். டெஸ்ட் சேர்வரில் நாலு நோயாளிகள்தான், அங்கே என்ன தெரியும்? அனுமதி கேட்டு, ஒரு பின்னேரம் நேரடிச் சேர்வரிலேயே ஓட்டினோம்.

லொக்கைத் திறந்ததும் சிரிப்பு வந்துவிட்டது. பட்டியலுக்கு ஒரு குவெரி. அப்புறம் ஒவ்வொரு நோயாளிக்கும் தனியாக ஒன்று, அவர் கட்டிய காசுக்கு இன்னொன்று. 2 மில்லிசெக்கன், 3, 2, 2, 3 என்று பக்கம் பக்கமாக. ஒரு கிலோ சீனியைக் கரண்டி கரண்டியாகக் கடையிலிருந்து வாங்கி வருகிற வேலை! டேட்டாபேஸிலிருந்து எடுத்துத் தருகிற ஹைபர்நேட் நூலகத்தின் லேசி லோடிங், அதாவது தேவைப்படும்போதுதான் ஒவ்வொன்றாக எடுக்கிற பழக்கம், செய்த கூத்து. அட்டவணைகளைச் சேர்க்கிற ஜொயின் போட்டு ஒரே குவெரியாக்கினோம். இப்போது பட்டியல் பட்டென்று திறக்கிறது. சோடாப்புட்டியின் அச்சு என்னைப் பார்த்தால் முகத்தைத் திருப்புகிறார்.

இனித்தான் நான் நித்திரை கெட்ட கதை. பி6ஸ்பையின் லொக், மதிப்பு வர வேண்டிய இடத்தில் கேள்விக்குறி வைத்த குவெரியை மட்டும் எழுதுவதில்லை. கேள்விக்குறி இருந்த இடத்தில் உண்மையான மதிப்பையும் நிரப்பி எழுதும். எங்கள் மதிப்பு என்றால் பெயர், தொலைபேசி, அடையாள அட்டை இலக்கம். நம் நாட்டு இலக்கம் உனக்குத் தெரியும்தானே, பிறந்த நாளும் ஆணா பெண்ணா என்பதும் அதற்குள்ளேயே இருக்கிறது. மில்லிசெக்கன் தேடிக்கொண்டு போன எனக்கு, புற்றுநோய் டொக்டரின் பட்டியலில் ஒரு தெரிந்த பெயர் கண்ணில் பட்டது. யாரென்று உனக்குக்கூட எழுத மாட்டேன். அவர் வீட்டில் சொன்னாரோ தெரியாது மச்சான், எனக்குத் தெரிந்துவிட்டது. சேர்வர் பாஸ்வேர்ட் வைத்திருக்கிற பயிற்சிப் பொடியனுக்கும் தெரியலாம்.

எங்கள் மேலாளரோ, "நல்ல சாமான், அப்படியே ஓடட்டும்" என்கிறார். 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டத்தை எடுத்துக் காட்டினேன். தலையாட்டினார், அவ்வளவுதான். லொக் வடிவத்தை மாற்றிக் கேள்விக்குறியோடு மட்டும் எழுத வைக்கலாம், அது ஓரிரு வரி வேலை. "மதிப்பு இல்லாமல் பிழையை எப்படிப் பிடிப்பாய்?" என்று கேட்கிறார். பிழை பிடிக்க டெஸ்ட் சேர்வர் இருக்கிறது, அதில் பொய் நோயாளிகளை நிறைத்துத் தருகிறேன் என்றேன். அதற்கு நேரம் ஒதுக்க மனமில்லை. புதன்கிழமைக் கூட்டத்தில் திரும்பக் கேட்கப் போகிறேன். இந்தமுறை எழுத்தில்.

நீ அங்கே வங்கி வேலை பார்க்கிறவன். உங்கள் ஆட்கள் இப்படி லொக்குகளை யார் கண்ணுக்குக் காட்டுகிறார்கள், எத்தனை நாள் வைத்திருக்கிறார்கள்? செவ்வாய்க்கு முன் எழுது, மேலாளருக்குக் காட்ட வேண்டும். நம் கப்டனிடம் மட்டும் ஜார் கோப்பைப் பற்றி மூச்சு விடாதே. அதற்கும் ஒரு விலை போட்டு எனக்கே விற்பான்.

அன்புடன்,
உன் மொட்டை