இறையியல் பேராசிரியர்களுக்கு: ஃப்ராய்டின் பாதிரி நண்பரையும் பாடத்தில் சேருங்கள்

தமிழ்நாட்டின் இறையியல் கல்லூரிகளில் வருங்கால ஆயர்களுக்குப் பாடம் நடத்தும் பேராசிரியர்களுக்கு,

கிறிஸ்துவின் நாமத்தில் வாழ்த்துகள். நான் இறையியல் படித்தவன் அல்ல. உங்கள் மாணவர்கள் பட்டம் வாங்கி வந்து ஏறும் பிரசங்க பீடத்துக்குக் கீழே, நடு வரிசையில் உட்கார்ந்து கேட்பவன். அந்த உரிமையில்தான் இதை எழுதுகிறேன்.

புதிதாக வரும் ஆயர்களிடம் பேச்சுக் கொடுத்துப் பார்த்திருக்கிறேன். நோயாளியைப் பேசவிட்டு ஆழ்மனதில் புதைந்திருப்பதை வெளிக்கொண்டுவரும் மனப்பகுப்பாய்வு என்ற முறையைத் தொடங்கிய வியன்னா மருத்துவர் ஃப்ராய்டைப் பற்றி அநேகமாக எல்லோருக்கும் ஒரு பத்தி தெரிகிறது. கடவுள் என்பது பெரிதாக்கப்பட்ட அப்பா, மதம் என்பது மனித குலத்தைப் பிடித்த மனநோய் என்று சொன்ன நாத்திகர். அந்தப் பத்தியின் கீழேயே அதற்கான மறுப்பும் தயாராக இருக்கிறது. ஃபாயர்பாக், மார்க்ஸ், நீட்சே, ஃப்ராய்ட் என்று மதத்தை விமர்சித்த நாலு பேரையும் ஒரே வகுப்பில் வீழ்த்திவிட்டுச் சாப்பிடப் போய்விடுகிறார்கள் போலிருக்கிறது. ஆனால் அந்த நாத்திகருக்கு முப்பது ஆண்டுகள் நண்பராக இருந்த ஒரு போதகரின் பெயரைக் கேட்டால் யாருக்கும் தெரியவில்லை.

ஆஸ்கர் ஃபிஸ்டர். 1873ல் பிறந்த சுவிட்சர்லாந்துக்காரர். 1902 முதல் 1939 வரை சூரிச் நகரின் பிரெடிகர் ஆலயத்தில் சீர்திருத்த சபைப் போதகராக இருந்தார். ஃப்ராய்டைப் பற்றிக் கேள்விப்படுவதற்கு முன்பே, 1903ல், நவீன உளவியலைக் கண்டுகொள்ளாமல் இறையியல் செய்துவரும் பாவங்களைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். செய்த பாவங்களை அல்ல, செய்யத் தவறிய பாவங்களை. தன்னிடம் மனம் உடைந்து வருகிறவர்களிடம் என்ன பேசுவது என்று இறையியல் படிப்பு தனக்குச் சொல்லித்தரவில்லை என்பதுதான் அவருடைய ஆதங்கம். நூற்றிருபது ஆண்டுகள் கழித்து இன்றும் அந்தக் கட்டுரையின் தலைப்பை நம் ஊர்க் கல்லூரி வாசலில் ஒட்டிவைக்கலாம். கோபித்துக்கொள்ளாதீர்கள்.

1909ல் ஃப்ராய்டோடு கடிதப் போக்குவரத்து தொடங்கியது. அந்த ஆண்டே ஃபிஸ்டர் வியன்னாவுக்குப் போய், பெர்க்காஸே 19 என்ற அந்தப் புகழ்பெற்ற முகவரியில் ஃப்ராய்டின் வீட்டுப் படியேறினார். பக்தி என்ற பேச்சே இல்லாத வீடு. அதற்குள் போதகர் உடையோடு நுழைந்தவர் வேற்றுக் கிரகத்திலிருந்து வந்த விருந்தாளிபோல இருந்தார் என்று ஃப்ராய்டின் மகள் அன்னா பிற்காலத்தில் எழுதினார். பிள்ளைகளுக்கு அவரை மிகவும் பிடித்துப்போனது. மனப்பகுப்பாய்வு மதத்துக்குச் சாதகமும் அல்ல, பாதகமும் அல்ல. துன்பப்படுகிறவருக்கு உதவும் கருவி, அதைப் போதகரும் எடுத்துக்கொள்ளலாம், மற்றவரும் எடுத்துக்கொள்ளலாம் என்று அந்த ஆண்டு ஃப்ராய்ட் அவருக்கு எழுதினார். உங்கள் மாணவர்கள் மனப்பாடம் செய்யும் பத்தியில் இந்த வரி இல்லை.

சீண்டலும் இருந்தது. பக்திமான்கள் ஒருவராவது மனப்பகுப்பாய்வைக் கண்டுபிடித்திருக்கக் கூடாதா, கடவுளே இல்லாத ஒரு யூதன் வரும்வரை ஏன் காத்திருக்க வேண்டியிருந்தது என்று 1918ல் ஃப்ராய்ட் கேட்டார். உங்களைவிட நல்ல கிறிஸ்தவர் இருந்ததில்லை என்கிற தோரணையில் ஃபிஸ்டர் பதில் எழுதினார். எனக்கு இந்தப் பதில் பிடிக்கவில்லை. காந்தியை ஞானஸ்நானம் வாங்காத கிறிஸ்தவர் என்று நம் மேடைகளில் புகழ்வார்களே, அதே புத்திதான் இது. நல்லவர் எவரைக் கண்டாலும் நம் பதிவேட்டில் பெயரை எழுதிக்கொள்ளும் ஆசை.

1927ல் ‘ஒரு மாயையின் எதிர்காலம்’ நூலை வெளியிடும் முன்பு ஃப்ராய்ட் ஃபிஸ்டருக்கு எழுதினார். இதை எழுத வேண்டும் என்று வெகுநாளாக நினைத்ததாகவும், ஃபிஸ்டரை முன்னிட்டே தள்ளிப்போட்டதாகவும், இனிமேல் அடக்க முடியவில்லை என்றும் சொன்னார். உதவாத ஆயிரம் ஆதரவாளர்களைவிட வலிமையான ஓர் எதிராளி மதத்துக்கு அதிகம் பயன்படுவார் என்று ஃபிஸ்டர் பதில் போட்டார். அத்தோடு நிற்காமல் ‘ஒரு எதிர்காலத்தின் மாயை’ என்ற மறுப்புரையும் எழுதினார். அது 1928ல் எங்கே வெளிவந்தது தெரியுமா? ஃப்ராய்டின் சொந்தப் பத்திரிகையான இமாகோவில். நம் சபைப் பத்திரிகை எதிலாவது ஆசிரியரை மறுத்து எழுதிய கட்டுரையைப் பார்த்திருக்கிறீர்களா? சரி, அது வேறு கதை.

அந்த மறுப்பு முழுவதும் எனக்குச் சம்மதமில்லை. யூத நியாயப்பிரமாணத்தை ஒரு மனநோய் போலவும், இயேசு அதைக் குணமாக்கிய வைத்தியர் போலவும் ஃபிஸ்டர் காட்டும் இடம், அதுவும் ஒரு யூத நண்பருக்குப் பதில் சொல்லும்போது, கூச வைக்கிறது. ஆனால் அறிவியல் எல்லாவற்றையும் சரிசெய்துவிடும் என்ற உங்கள் நம்பிக்கையிலும் ஆசை கலக்கவில்லையா என்று அவர் ஃப்ராய்டைத் திருப்பிக் கேட்ட கேள்வி இன்றும் நிற்கிறது.

இந்த இடத்தில்தான் உங்கள் பாடத்திட்டம் முக்கியமான ஒன்றைக் கோட்டைவிடுகிறது. மாயை என்றால் பொய் என்று ஃப்ராய்ட் சொல்லவில்லை. ஒரு ராஜகுமாரன் வந்து தன்னைக் கட்டிக்கொள்வான் என்று நடுத்தர வீட்டுப் பெண் நினைக்கலாம், அது நடந்தும்விடலாம் என்று அவரே உதாரணம் சொல்கிறார். நம்பிக்கைக்கு முக்கியக் காரணம் ஆசையாக இருந்தால் அது மாயை, அவ்வளவுதான். ஆகவே அவருடைய கேள்வி கடவுள் உண்டா என்பதைவிட, நீ ஏன் இதை நம்புகிறாய் என்பதுதான். இந்தக் கேள்வியைக் கேட்டால் விசுவாசி ஏன் பதற வேண்டும்? தீர்க்கதரிசிகள் இஸ்ரவேலிடம் கேட்டதும் ஏறக்குறைய இதே கேள்விதானே.

டிசம்பர் 31 நள்ளிரவு ஆராதனையை எடுத்துக்கொள்ளுங்கள். ஆராதனை முடிந்ததும் தட்டில் வேத வசனம் அச்சடித்த வாக்குத்தத்த அட்டைகள் வரும். ஆளுக்கு ஒன்று எடுப்போம். எடுத்ததும் வாசிப்போம், பக்கத்தில் இருப்பவருக்கு என்ன வந்தது என்றும் எட்டிப் பார்ப்போம். ‘கர்த்தர் உன்னை வாலாக்காமல் தலையாக்குவார்’ வரும். ‘நீயோ கடன் வாங்காதிருப்பாய்’ வரும். இரண்டும் உபாகமம் 28ஆம் அதிகாரம். அதே அதிகாரத்தின் 15ஆம் வசனத்துக்குப் பிறகு வரும் சாபங்களில் ஒன்றுகூட இதுவரை யாருக்கும் வந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை. சாபத்தை விடுங்கள். ‘உலகத்தில் உங்களுக்கு உபத்திரவம் உண்டு’ என்பதும் இயேசு கொடுத்த வாக்குத்தானே? அதை அச்சடிக்கும் அச்சகம் எது? அட்டையை ஒழிக்கச் சொல்லவில்லை, நானும் ஆசையோடுதான் எடுக்கிறேன். ஆனால் அந்தத் தட்டைச் சுமந்து வரும் ஆயர், ஃப்ராய்டை ஒழுங்காகப் படித்திருந்தால், அடுத்த ஞாயிறு 88ஆம் சங்கீதத்தைப் பிரசங்கிப்பார். ஆறுதல் இல்லாமலே முடியும் அந்தச் சங்கீதம் வேதாகமத்துக்குள் எப்படி இடம் பிடித்தது என்று சபையோடு சேர்ந்து யோசிப்பார். பிரான்ஸ் நாட்டுத் தத்துவஞானி பால் ரிக்கர், அவரும் சீர்திருத்த சபைக் கிறிஸ்தவர்தான், 1965ல் ஃப்ராய்டைப் பற்றி எழுதிய பெரிய நூலில் இந்தத் திசையில்தான் போனார்: சந்தேகம் நம் விக்கிரகங்களை உடைக்கட்டும், உடைந்த பிறகு என்ன பேசுகிறது என்று கேட்போம்.

அடுத்து, பயம். ஃபிஸ்டர் ஓய்வு பெற்றது 1939ல், ஃப்ராய்ட் லண்டனில் இறந்ததும் அதே ஆண்டில். அதன்பின் 1944ல் கிறிஸ்தவமும் பயமும் என்ற பொருளில் ஃபிஸ்டர் ஒரு தடித்த நூல் எழுதினார். ‘பூரண அன்பு பயத்தைப் புறம்பே தள்ளும்’ என்ற யோவானின் வாக்கைக் கையில் வைத்துக்கொண்டு, சபை வரலாற்றில் எத்தனை முறை பயம் அன்பை வெளியே தள்ளியிருக்கிறது என்று தேடிப்போகிற நூல்.

என் சித்தி ஒரு சபையில் சாட்சி சொன்னதைச் சொல்ல வேண்டும். தூக்கம் வராமல், சமையலறையில் நின்றபடியே அழுகிற நிலையில் இருந்தவர். மருத்துவர் கொடுத்த மாத்திரையில் கொஞ்சம் தேறினார். மாத்திரை அவிசுவாசம், உனக்குள் இருப்பது மனச்சோர்வின் ஆவி என்று போதகர் சொன்னார். மாத்திரையைத் தூக்கி எறிந்துவிட்டேன் என்று சித்தி மைக்கில் சொன்னபோது சபையே கைதட்டியது. சில மாதங்களில் பழைய நிலைக்குத் திரும்பினார். இப்போது நோயோடு கூட, விசுவாசம் போதாதவள் என்ற குற்ற உணர்ச்சியும் சேர்ந்துகொண்டது. அந்தப் போதகர் கெட்டவர் அல்ல. வேறு என்ன சொல்வது என்று அவருக்கு யாரும் கற்றுத்தரவில்லை.

வேதாகமத்தைக் கேட்டிருந்தால் அது கற்றுத்தந்திருக்கும். எலியா சூரைச்செடியின் கீழ் படுத்து, போதும் கர்த்தாவே என்று சாவைக் கேட்கிறான். தூதன் வந்து அவனுடைய விசுவாசத்தை அளக்கவில்லை, எந்த ஆவியையும் துரத்தவில்லை. தலைமாட்டில் தழலில் சுட்ட அடையும் ஒரு பாத்திரம் தண்ணீரும் இருக்கின்றன. எழுந்து சாப்பிடு என்கிறான். சாப்பிட்டுவிட்டு மறுபடியும் தூங்குகிறான் எலியா. தூதன் தூங்க விடுகிறான். யோபின் நண்பர்கள் ஏழு நாள் வாய் திறக்காமல் கூட உட்கார்ந்திருந்தவரை நல்ல நண்பர்கள்தான். அப்புறம்தான் இறையியல் பேச ஆரம்பித்தார்கள். கடைசியில் கர்த்தர் கோபித்துக்கொண்டது யோபை அல்ல, அவர்களை.

ஒரு எச்சரிக்கையும் உண்டு, அதையும் வகுப்பில் சொல்லுங்கள். நாஜிகளை எதிர்த்த ஜெர்மன் இறையியலாளர் டீட்ரிக் போன்ஹோஃபர், அவருடைய அப்பாவே பெர்லினில் பெயர்பெற்ற மனநல மருத்துவர், 1944ல் தேகல் சிறையிலிருந்து எழுதிய கடிதங்களில் மனவைத்தியர்களைக் கடுமையாகச் சாடினார். நன்றாக இருக்கிறவனைப் பிடித்து, உனக்குள் ஒரு பிரச்சினை இருக்கிறது என்று நம்ப வைக்கிறார்கள் என்றார். அதையே போதகர்களும் செய்கிறார்கள் என்பதுதான் அவருடைய உண்மையான கோபம். மனிதன் பலவீனப்படும் ஓரத்தில் கடவுளை ஒளித்துவைத்துக் காத்திருக்காதீர்கள் என்றார். ஆகவே ஆயர்களை அரைகுறை மனநல மருத்துவர்களாக்குங்கள் என்று நான் கேட்கவில்லை. அது இன்னும் ஆபத்து.

கத்தோலிக்கக் குருமடங்களில் பாடம் நடத்துகிறவர்களுக்கும் இது பொருந்தும். குருக்களும் துறவிகளும் மனப்பகுப்பாய்வு செய்யக் கூடாது என்று 1961ல் உரோமையிலிருந்து எச்சரிக்கை வந்தது. ஆனால் தன் 42ஆவது வயதில் ஒரு யூதப் பெண் மனப்பகுப்பாய்வாளரிடம் ஆறு மாதம் போனதாகத் திருத்தந்தை பிரான்சிஸ் 2017ல் வெளிப்படையாகச் சொன்னார்.

நான் கேட்பது பெரிய மாற்றம் இல்லை. ஆயர்த்துவ ஆலோசனை என்ற பாடம் பல கல்லூரிகளில் ஏற்கெனவே இருக்கிறது. அதில் ஃப்ராய்ட்–ஃபிஸ்டர் கடிதங்களை வாசிக்க வையுங்கள். 1963லேயே நூலாக வந்துவிட்டது, ஆங்கிலத்தில் கிடைக்கிறது. மாணவர்கள் பாதிப் பேர் ஃப்ராய்டாகவும் பாதிப் பேர் ஃபிஸ்டராகவும் வாதாடட்டும், அடுத்த வாரம் பக்கம் மாறட்டும்.

கூடவே, குருமனைக்கு வருகிறவர் தன் அப்பாவிடம் வைத்திருந்த பயத்தையும் பாசத்தையும் கோபத்தையும் அப்படியே ஆயர்மேல் இறக்கிவைப்பார் என்பதைச் சொல்லிக்கொடுங்கள். டிரான்ஸ்ஃபரன்ஸ் என்று ஃப்ராய்ட் இதைத்தான் சொன்னார். ஐயா, ஃபாதர், பாஸ்டர் என்று எப்படிக் கூப்பிட்டாலும் இது நடக்கிறது. இதை அறியாத ஆயர், கிடைக்கும் பக்தி தனக்கே உரியது என்று நம்ப ஆரம்பிக்கிறார். சபைகளில் நாம் பார்த்துவரும் அதிகார மோசடிகளில் பல இங்கேதான் முளைக்கின்றன. மாணவரும் படிக்கும் காலத்தில் ஒருமுறையாவது, மதிப்பெண் போடாத ஒருவர் முன் உட்கார்ந்து தன் மனதைத் திறந்து பேசிப் பார்க்கட்டும். பக்கத்து ஊரில் உள்ள மனநல மருத்துவரின் தொலைபேசி எண் அவர் மேசையில் இருக்கட்டும்.

பாடத்திட்டத்தில் இடமில்லை என்றால், அந்த நாத்திக மறுப்பு வகுப்பை எடுத்துக்கொள்ளுங்கள். அதைக் கேட்டு எந்த நாத்திகரும் மனம் மாறியதாக எனக்குத் தெரியவில்லை. நாங்கள் சபையில் இதற்காக ஒரு வாசிப்பு வட்டம் தொடங்குவதாக இருக்கிறோம். உங்களில் யாராவது வந்து முதல் கூட்டத்தை நடத்தித் தருவீர்களா? ஃபிஸ்டரைக் கிழித்துப் பேசினாலும் சரி.

இப்படிக்கு,
நடு வரிசைச் சபையார் ஒருவர்