புகார்: இடம்வலம் மாறி வந்த ‘இரண்டு ஃப்ரீடாக்கள்’ கான்வாஸ் பிரிண்ட்

பெறுநர்: வாடிக்கையாளர் சேவை மேலாளர்

ஐயா,

கண்காட்சிக்காக உங்களிடம் வாங்கிய, மெக்சிகோ ஓவியர் ஃப்ரீடா காலோவின் இரண்டு ஓவியப் பிரிண்ட்களுக்காக உங்கள் ஆட்களோடு மல்லுக்கட்டி ஓய்ந்துபோய் எழுதுகிறேன். போன் போட்டால் மெயில் அனுப்பச் சொல்கிறார்கள், மெயில் போட்டால் கிடங்குக்கு வரச் சொல்கிறார்கள், கிடங்கில் மறுபடி போன் நம்பரைத்தான் நீட்டுகிறார்கள்.

‘இரண்டு ஃப்ரீடாக்கள்’ (1939) கண்ணாடி பிம்பமாக அச்சாகியிருக்கிறது. அசலில் ஃப்ரீடா தன்னையே இருவராக வரைந்திருக்கிறார்: வெள்ளை லேஸ் உடைக்காரி நமக்கு இடப்பக்கம், தெவானா (மெக்சிகோவின் பாரம்பரிய) உடைக்காரி வலப்பக்கம். தெவானா ஃப்ரீடா இடது கையில் பிடித்திருக்கும், கணவர் டியேகோ ரிவேராவின் குட்டிப் படத்திலிருந்து கிளம்பும் ரத்தக்குழாய், இரண்டு இதயங்களையும் தொட்டு, மற்றவளின் வலது கையிலுள்ள அறுவை சிகிச்சைக் கவ்வியில் முடியும். நீங்கள் அனுப்பியதில் கவ்வி இடது கையில்! டீ-ஷர்ட் டிரான்ஸ்ஃபருக்குப் படத்தை இடம்வலமாகத் திருப்பப் போட்ட மிரர் டிக்கை எடுக்காமலே ஓட்டியிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

இதைக் கிடங்கில் காட்டியபோது உங்கள் ஊழியர் சொன்ன பதில்: “ரெண்டும் ஒரே பொண்ணுதானே சார், எந்தப் பக்கம் இருந்தா என்ன?” அரை நாள் விடுப்புப் போட்டு வந்தவனிடம் பேசும் பேச்சா இது? பிரிண்டைத் திரும்ப வாங்கவும் மறுத்துவிட்டார். மாலையில் ‘உங்கள் புகார் தீர்க்கப்பட்டது’ என்று எஸ்எம்எஸ் வேறு.

அளவைச் சொல்ல மறந்துவிட்டேன். அசல் 173.5 x 173 செ.மீ., கிட்டத்தட்ட சதுரம். அதை 24 x 36 அங்குலத்துக்கு இழுத்ததில் இருவர் முகமும் புடலங்காயாகிவிட்டது. 24 x 24 போதும். கட்டையில் மடக்கி அடிக்கச் சுற்றிலும் 2 அங்குலம் வெறும் துணி விட்டால் 28 x 28. இதெல்லாம் உங்களுக்குத் தெரியாததா?

இரண்டாவது பிரிண்ட் ‘உடைந்த தூண்’ (1944). அதன் அசலே 40 செ.மீ. உயரம்தான். 4 அடிக்குப் பெரிதாக்க, 150 டிபிஐ (அங்குலத்துக்கு 150 புள்ளி) கணக்கில் உயரத்துக்கு மட்டும் 7200 பிக்சல் வேண்டும். எங்கிருந்தோ இறக்கிய சின்ன ஃபைலை ஊதியதில், உடம்பெல்லாம் குத்தியிருக்கும் ஆணிகள் கறுப்புக் கட்டங்களாகக் கிடக்கின்றன. ஆணி தெரியாவிட்டால் அந்தப் படத்தில் என்ன மிச்சம்?

கூட வந்த விவர அட்டையைக் கிழித்துப் போடுங்கள். பிறந்தது 1910 என்கிறது. ஃப்ரீடா அப்படிச் சொல்லிக்கொண்டது உண்மை, ஆனால் பிறந்தது 1907 ஜூலை 6. அவர் சிக்கிய பேருந்து விபத்து நடந்த கையோடு ‘உடைந்த தூண்’ வரைந்தாராம், விபத்து 1925-இல்! ‘இரண்டு ஃப்ரீடாக்கள்’ இருப்பது கொயோவகானில் ஃப்ரீடா வாழ்ந்த நீல வீட்டில் அல்ல, மெக்சிகோ நகரின் நவீனக் கலை அருங்காட்சியகத்தில்.

கண்காட்சி மொத்தமும் உங்களால் குட்டிச்சுவர். தயவுசெய்து இரண்டையும் சரியான திசை, விகிதத்தில் அச்சிட்டுத் தாருங்கள், அச்சிடும் முன் மாதிரியை மெயிலில் காட்டுங்கள். முடியாதென்றால் கூரியர் கட்டணம் உட்பட முழுப்பணமும் வேண்டும். ஏழு நாளில் எழுத்தில் பதில் வராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் பதிவு செய்துவிட்டு நேரே நுகர்வோர் ஆணையம்தான். அந்த ஊழியரின் பேச்சையும் மனுவில் அப்படியே சேர்ப்பேன்.

பழைய பிரிண்ட்களை உங்கள் செலவில் வந்து எடுத்துக்கொள்ளுங்கள். இனி கிடங்குக்கு நான் வருவதாக இல்லை.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்