டெஹ்ரி கர்வால்: மன்னர் வரிசையில் விடுபட்டவர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். இமயமலைச் சமஸ்தானங்களுள் ஒன்றான டெஹ்ரி கர்வாலைப் பற்றித் தங்கள் இதழில் வெளியான கட்டுரையை இரண்டு முறை படித்தேன். பத்ரிநாத்துக்கும் கங்கோத்ரிக்கும் போய்வருகிற நம்மவர் பலருக்கு, அந்த மலைச்சாலைகளின் பெரும்பகுதி முக்கால் நூற்றாண்டுக்கு முன்புவரை ஓர் அரச குடும்பத்தின் ஆளுகையில் இருந்தது என்பதே தெரியாது. பெரியாழ்வார் 'கண்டம் என்னும் கடிநகர்' என்று பாடிய தேவப்பிரயாகையும் அந்தச் சமஸ்தானத்து ஊர்தான். இந்த வரலாற்றைத் தமிழில் எழுத ஒருவர் முன்வந்ததற்கு முதலில் என் நன்றி.

ஆனால், சுதர்சன் ஷாவில் தொடங்கி, பவானி ஷா, பிரதாப் ஷா, கீர்த்தி ஷா, நரேந்திர ஷா என்று வரிசையாக வந்து, 1949-ல் மானவேந்திர ஷா தம் நாட்டை இந்திய ஒன்றியத்துக்கு விட்டுக்கொடுத்த பெருந்தன்மையோடு கட்டுரை முடிந்துவிடுகிறது. வரலாற்றுப் பாடம் நடத்தி ஓய்வுபெற்றவன் என்ற முறையில் இந்த முடிவை என்னால் ஏற்க முடியவில்லை. அந்தக் கையெழுத்துக்குப் பின்னால் பல ஆண்டுப் போராட்டமும் உயிர்ப்பலியும் இருக்கின்றன. கட்டுரையில் அவற்றுக்கு ஒரு வரிகூட இல்லை.

தொடக்க வரலாற்றில் திருத்தம் சொல்ல அதிகமில்லை. கர்வால் அரசர்களின் பழைய தலைநகரான ஸ்ரீநகர் அலகநந்தாவின் கரையில் இருப்பது, காஷ்மீரத்து ஸ்ரீநகர் அன்று என்பதை மட்டும் தெளிவாகச் சொல்லியிருக்கலாம். 1803-ஆம் ஆண்டு நிலநடுக்கத்தில் அந்நகரம் நொறுங்கிக் கிடந்த நேரத்தில் கூர்க்காப் படை மலையேறி வந்தது. அடுத்த ஆண்டு டேராடூனை அடுத்த குர்புராவில் பிரத்யுமன் ஷா போர்க்களத்தில் மாண்டார். பத்தாண்டுகளுக்கு மேல் கூர்க்காக்கள் ஆண்டார்கள். பின்னர் ஆங்கிலேயர் நேபாளத்தை வென்றபோது, பிரத்யுமன் ஷாவின் மகன் சுதர்சன் ஷாவுக்கு முன்னோர் நாடு முழுமையாகத் திரும்பவில்லை. அலகநந்தாவுக்குக் கிழக்கே இருந்த பகுதியை, ஸ்ரீநகரையும் சேர்த்து, கம்பெனியார் தம்மிடமே வைத்துக்கொண்டார்கள். ஆகவேதான் அவர் 1815-ன் இறுதியில் பாகீரதியும் பிலங்கனாவும் கூடுமிடத்தில் டெஹ்ரி என்ற புதிய தலைநகரை நிறுவ வேண்டியதாயிற்று.

கட்டுரையாளர் இந்த அரசர்களை மக்கள் 'போலாந்தா பத்ரி', அதாவது பேசும் பத்ரிநாதர், என்று வணங்கினார்கள் எனக் குறிப்பிடுகிறார். அது உண்மை. பத்ரிநாத் ஆலயம் ஆங்கிலேயப் பகுதியில் இருந்தபோதும் அதன்மேல் அரச குடும்பத்துக்கு இருந்த உரிமை நீங்கவில்லை. இன்றும் வசந்த பஞ்சமியன்று நரேந்திரநகர் அரண்மனையில்தான் நடைதிறக்கும் நாள் அறிவிக்கப்படுகிறது. சுவாமியின் திருமேனிக்குரிய நல்லெண்ணெயும் அங்கேதான் சுமங்கலிகள் கையால் ஆட்டப்படுகிறது. ஆனால் இந்த நம்பிக்கைக்கு இன்னொரு பக்கமும் உண்டு. கட்டுரை விட்டுவிட்டது அதைத்தான்.

மன்னர் தெய்வம் என்றால், குடிகளின் முறையீட்டைக் கேட்க வேண்டிய கடமையும் அந்தத் தெய்வத்துக்கு உண்டு என்று கர்வால் மக்கள் கருதினார்கள். அதிகாரிகள் வரம்பு மீறியபோது, ஊரார் வரி கொடுப்பதையும் ஏவல் செய்வதையும் நிறுத்திவிட்டு, கூட்டமாகத் தலைநகருக்கு நடந்துபோய், மன்னரே நேரில் கேட்டு நீதி வழங்கும்வரை நகர மறுத்து அமர்ந்துவிடுவார்கள். இதற்கு 'டண்டக்' என்று பெயர். அவர்கள் எதிர்த்தது அதிகாரியை, மன்னரை அல்ல. மன்னர் வந்து அதிகாரியைக் கண்டித்தாலோ மாற்றினாலோ போராட்டம் அத்துடன் முடியும். எழுதப்படாத ஓர் ஒப்பந்தம் போலப் பல தலைமுறை நீடித்த வழக்கம் இது.

அந்த ஒப்பந்தத்தை முறித்தது காடு. மன்னரிடம் அனுமதி பெற்று வில்சன் என்ற ஆங்கிலேயர் கங்கோத்ரிப் பக்கத்துத் தேவதாரு மரங்களை வெட்டி ஆற்றில் மிதக்கவிட்டுச் சமவெளிக்கு அனுப்பி விற்ற காலத்திலிருந்தே, இந்த மலைக்காட்டில் எவ்வளவு பணம் இருக்கிறது என்பது எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. தண்டவாளக் கட்டைகளின் தேவைக்காக ஆங்கிலேய அரசு 1865-ல் அக்காடுகளை இருபது ஆண்டுக் குத்தகைக்கு எடுத்தது. குத்தகை முடிந்து காடுகள் திரும்பி வந்தபின், சமஸ்தானமே அதே வழியில் இறங்கியது. காடு கருவூலமாகியது, மேய்ச்சலுக்கும் விறகுக்கும் தழைக்கும் அதையே நம்பியிருந்த கிராமத்தார் தம் சொந்தக் காட்டிலேயே குற்றவாளிகளானார்கள். அதிகாரிகளின் சுமையைக் கூலியில்லாமல் தூக்கும் வெட்டி வேலை வேறு.

1920-களின் இறுதியில் புதிதாக வரையப்பட்ட வன எல்லை, யமுனைப் பள்ளத்தாக்கில் ரவாயிப் பகுதியின் கிராமங்களை நெருக்கிக்கொண்டு வந்தது. மாடுகளை எங்கே மேய்ப்பது என்று கேட்டவர்களுக்கு, மலையிலிருந்து உருட்டிவிடுங்கள் என்று பதில் கிடைத்ததாக அப்பகுதியினர் வழிவழியாகச் சொல்லி வருகிறார்கள். மக்கள் தமக்கென ஒரு பஞ்சாயத்தை அமைத்துக்கொண்டு காட்டின்மீது உரிமை கோரினார்கள். அப்போது நரேந்திர ஷா ஐரோப்பாவில் இருந்தார். முறையீட்டைக் கேட்க வேண்டியவர் ஊரில் இல்லாத நிலையில், திவான் சக்ரதர் ஜுயால் படையை அனுப்பினார். 1930 மே 30 அன்று, பட்கோட்டை அடுத்த திலாடி மைதானத்தில் கூடியிருந்தவர்களைப் படை சூழ்ந்து சுட்டது. தப்பிக்க வழியின்றி யமுனையில் குதித்தவர்களில் பலரை ஆறு கொண்டுபோயிற்று. இறந்தவர்களின் எண்ணிக்கையில் சமஸ்தானம் சொன்னதற்கும் மக்கள் சொன்னதற்கும் பெரிய இடைவெளி உண்டு. ஊர் திரும்பிய மன்னர் திவானைத் தண்டிக்கவில்லை. டண்டக் என்ற வழக்கத்தின் அடிப்படையே அன்று தகர்ந்தது என்பது என் துணிபு.

ஆனாலும் அந்தப் பழைய நம்பிக்கை எளிதில் போய்விடவில்லை என்பதற்கு ஸ்ரீதேவ் சுமனைவிடச் சான்று வேண்டியதில்லை. 1916-ல் பிறந்து, காந்திய வழியில் வளர்ந்து, 1939-ல் டேராடூனில் தொடங்கப்பட்ட மக்கள் அமைப்பான டெஹ்ரி பிரஜா மண்டலத்தின் முகமாக விளங்கியவர் அவர். மன்னரின் தலைமையை ஏற்றுக்கொண்டே, அமைதியான வழியில், மக்களுக்குப் பொறுப்பான ஆட்சியைப் பெறுவதுதான் தம் நோக்கம் என்று நீதிமன்றத்திலும் சொன்னார். சமஸ்தானம் அவரைக் கனத்த விலங்கு பூட்டிச் சிறையில் அடைத்தது. 1944 மே 3-ஆம் நாள் அவர் உண்ணாநோன்பைத் தொடங்கியபோது வைத்த கோரிக்கைகள் மூன்று: பிரஜா மண்டலத்துக்கு அங்கீகாரம் வேண்டும், சிறையிலிருந்து கடிதம் எழுத அனுமதி வேண்டும், தம் வழக்கின் மேல்முறையீட்டை மன்னரே நேரில் கேட்க வேண்டும். இந்த மூன்றாவது கோரிக்கையைப் படிக்கும்போதெல்லாம் மனம் கனத்துப்போகிறது. பாட்டன் முப்பாட்டன் காலத்து டண்டக்கின் குரலேதான் அது. யாரும் கேட்கவில்லை. எண்பத்து நான்காம் நாள், ஜூலை 25-ல், இருபத்தெட்டு வயதில் அவர் உயிர் பிரிந்தது. உடலை வீட்டாரிடம் ஒப்படைக்காமல் இரவோடு இரவாகப் பிலங்கனா ஆற்றில் போட்டுவிட்டார்கள்.

அதன்பின் நடந்தவை வேகமானவை. நாடு விடுதலை பெற்ற பிறகும் டெஹ்ரியில் அரசாட்சி தொடர்ந்ததால், விவசாயிகள் ஊர் ஊராகச் சமஸ்தானத்து அலுவலகங்களைக் கைப்பற்றத் தொடங்கினார்கள். 1948 ஜனவரி 11 அன்று கீர்த்திநகரில் போராட்டக்காரர்களான நாகேந்திர சக்லானியும் மோலு பர்தாரியும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவர்களின் உடல்களைத் தோளில் சுமந்து மலைவழியே டெஹ்ரியை நோக்கிப் புறப்பட்ட ஊர்வலத்தில் வழியெங்கும் கிராமத்தார் சேர்ந்துகொண்டார்கள். அது டெஹ்ரியை அடைந்தபோது தடுக்கும் வலிமை ஆட்சியிடம் இல்லை. 1949 ஆகஸ்ட் 1-ல் நடந்த இணைப்பு, ஏற்கெனவே மக்கள் முடித்துவிட்ட ஒன்றுக்கான ஆவணம். அதைத் தனியொரு மன்னரின் கொடையாக எழுதுவது, அந்த இருவரையும் அவர்களைச் சுமந்து நடந்தவர்களையும் இல்லாதவர்களாக்குவதாகும்.

அரச குடும்பத்தின்மேல் எனக்கு வன்மம் ஒன்றுமில்லை. கீர்த்தி ஷா கல்வியில் காட்டிய அக்கறையும், சுவாமி ராமதீர்த்தரைப் போற்றியதும் பாராட்டுக்குரியவையே. நரேந்திர ஷாவின் ராணி கமலேந்துமதி 1952 தேர்தலில் சுயேச்சையாக வென்று மக்களவைக்குப் போனதையும், பெண்கள், குழந்தைகள் காப்பகங்களுக்கு உரிமம் வேண்டும் என்று அவர் கொண்டுவந்த தனிநபர் மசோதா 1956-ல் சட்டமானதையும் கட்டுரை சேர்த்திருக்கலாம். கடைசி மன்னர் மானவேந்திர ஷாவை அதே மக்கள் எட்டு முறை மக்களவைக்குத் தேர்ந்தெடுத்தார்கள். இதைச் சொல்லாமல் விட்டால், கட்டுரையாளர் மக்களை விட்டதுபோல நான் மன்னரை விட்டவனாவேன். ஆண்ட காலத்தில் அரசாட்சியை ஒழிக்கப் போராடிய மக்கள், பின்னர் அவரையே வாக்களித்து அனுப்பியது முரண்பாடாகத் தோன்றலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. கேட்டாக வேண்டிய இடத்தில் அவரை வைத்து முறையிடும் உரிமையை இம்முறை சட்டமே அவர்களுக்குக் கொடுத்திருந்தது.

கட்டுரையின் தொடர்ச்சி வருமானால், மன்னர்களின் ஆட்சியாண்டுகளோடு திலாடியையும் சுமனையும் கீர்த்திநகரையும் சேர்த்து எழுதும்படி கட்டுரையாளரைக் கேட்டுக்கொள்கிறேன். சுதர்சன் ஷா கட்டிய டெஹ்ரி நகரம் இப்போது 260 மீட்டர் உயர அணைக்குப் பின்னால் நீருக்கடியில் கிடக்கிறது. அரண்மனையும் மணிக்கூண்டும் போனதைப் போலவே சுமன் உயிர்விட்ட சிறையும் போய்விட்டது. அவருக்குப் பூட்டிய விலங்கை மட்டும் மேலே கட்டிய புதிய டெஹ்ரியின் சிறைக்குக் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். ஆண்டுதோறும் ஜூலை 25 அன்று பொதுமக்கள் உள்ளே போய் அதைப் பார்க்கலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர்,
கும்பகோணம்.