முயல் பக்கங்களை அச்சுக்கு அனுப்பாதீர்கள்: கதைத் தொகுப்புக் குழுவினருக்கு ஒரு திறந்த மடல்

மதுரை வட்டாரப் பள்ளிப் பிள்ளைகளுக்காகக் கதைத் தொகுப்பு தயாரிக்கும் குழுவின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம்.

மாதிரிப் படியை எங்கள் பார்வைக்கு அனுப்பியதற்கு நன்றி. பின்னணி எல்லாம் உங்களுக்குத் தெரிந்ததுதான், அதனால் நேராக விஷயத்துக்கு வருகிறோம். முயல் பற்றிய பகுதி முழுவதையும் அச்சுக்குப் போகாமல் நிறுத்திவையுங்கள். நாலு எழுத்துப் பிழை என்றால் சிவப்பு மையால் வட்டம் போட்டுத் திருப்பி அனுப்பியிருப்போம். இது அப்படித் திருத்தி முடிக்கிற காரியமாக இல்லை.

அந்தப் பகுதியில் பெரிய கதை, யானைக் கூட்டத்தை முயல் திருப்பி அனுப்பிய கதை. மேலூர்ப் பக்கத்து அப்பத்தா ஒருவர் சொன்னது என்று கதைக்குக் கீழே அச்சிட்டிருக்கிறீர்கள். அவர் அந்தக் கதையைச் சொல்லி முடிக்கவே இல்லை என்பது, கதை சொல்ல அவரை நீங்கள் அழைத்திருந்த விழாவன்று மண்டபத்தில் இருந்த அத்தனை பேருக்கும் தெரியும். காலை ஒன்பது மணிக்கு வரச் சொன்னீர்கள். வரவேற்புரை, சிறப்புரை, பொன்னாடை எல்லாம் முடிந்து மைக் அவர் கைக்கு வரும்போது மணி ஒன்றேகால். ஐந்து நிமிடம்தான் என்றும் சொல்லிவிட்டார்கள். அவர் மஞ்சள் பையிலிருந்து, உள்ளே கறுத்துப்போன பழைய மண்சட்டி ஒன்றை எடுத்து முன்னால் வைத்துத் தண்ணீர் கேட்டார். மேடை விரிப்பு நனைந்துவிடும் என்று ஒருவர் வந்து சட்டியைத் தூக்கித் தூண் ஓரமாக வைத்துவிட்டுப் போனார். "ஏப்பா, தண்ணியில்லாம நெலாவ எங்கிட்டுக் காட்டுறது?" என்று அவர் கேட்டதற்கு முன்வரிசையில் சிரித்தார்கள். யானைகள் கம்மாய்க்கரைக்கு வந்து சேர்ந்த இடத்தில் மணி அடித்துவிட்டது. முயல் இன்னும் வாயைத் திறக்கவில்லை.

மாதிரிப் படியிலோ கதை முடிந்திருக்கிறது. முயல் பொய் சொன்னது, யானை பயந்து ஓடியது, புத்தியே பலம். இந்த மூன்று வாக்கியமும் அந்த அப்பத்தா சொன்னவை அல்ல. அவர் பெயரில் இவற்றை அச்சிட உங்களுக்கு உரிமை கிடையாது.

சட்டி எதற்கு என்று அன்றைக்கு ஒருவராவது கேட்டிருக்கலாம். பஞ்சதந்திரக் காலத்திலிருந்து வரும் கதை இது. தண்ணீர் தேடி வந்த யானைகள் கரையோர முயல்களை மிதித்து நசுக்குகின்றன. துதிக்கை எட்டாத ஒரு மேட்டில் ஏறி நின்றுகொண்டு, தான் சந்திரன் அனுப்பிய தூதன் என்கிறது ஒரு முயல். யானைத் தலைவனை இரவில் தண்ணீருக்கு அழைத்துப் போய், சந்திரன் உள்ளே இருக்கிறார், கும்பிட்டுக்கொள் என்கிறது. கும்பிட யானை துதிக்கையை இறக்குகிறது. தண்ணீர் கலங்குகிறது, நிலா நடுங்குகிறது. கோபத்தில் நடுங்குகிறார் பார் என்கிறது முயல். கதையின் உயிர் அந்த ஒரு நடுக்கத்தில் இருக்கிறது. அதைப் பிள்ளைகள் தங்கள் கண்ணால் பார்ப்பதற்குத்தான் சட்டி.

அதைச் செய்யும் முறையையும் எழுதிவிடுகிறோம், தொகுப்பில் ஆசிரியர்களுக்கான குறிப்பாகச் சேர்க்க உதவும். வாய் அகன்ற மண்சட்டி, உட்புறம் கறுத்ததாக இருக்க வேண்டும். எவர்சில்வர் தட்டு வேண்டாம். அடித்தட்டே பளபளத்து, நிலாவும் தெருவிளக்கும் கலங்கி ஒரே வெளிச்சமாகத் தெரியும். தண்ணீர் நாலு விரல் உயரம் போதும். விளிம்பு வரை ஊற்றினால் பிள்ளைகள் நெருக்கி உட்காரும்போது ததும்பிக்கொண்டே இருக்கும், நிலா நிலைக்காது. பௌர்ணமியன்று நிலா உதித்து இரண்டு மணி நேரத்துக்குள் தொடங்க வேண்டும். பிள்ளைகள் கிழக்கே பார்த்து உட்கார, சட்டி அவர்களுக்கு முன்னால் இருக்க வேண்டும். நேரம் கடத்தி நிலா உச்சிக்கு வந்துவிட்டால் சட்டிக்கு மேலே குனிந்துதான் பார்க்க முடியும், பார்ப்பவர் தலையே நிலாவை மறைத்துவிடும். துதிக்கை இறங்கும் இடத்தில் ஒரே ஒரு விரல்நுனி, தண்ணீரைத் தொட்டும் தொடாமலும். உடைந்த நிலா மறுபடி கூடும் வரை சொல்பவர் வாய் திறக்கக் கூடாது. இத்தனையும் தெரிந்த ஒருவரைப் பகல் ஒன்றேகால் மணிக்கு மின்விசிறிக்குக் கீழே நிறுத்தி ஐந்து நிமிடம் கொடுத்தீர்கள்.

அடுத்தது படங்கள். வெள்ளை உடம்பு, சிவப்புக் கண், கையில் கேரட். அது கூண்டில் வளர்க்கும் சீமை முயல். நாகமலை அடிவாரத்திலும் கள்ளிக்குடிக் கரிசலிலும் ஓடுவது காட்டு முயல். அதற்குப் பழுப்பு உடம்பு, முதுகு மயிரில் கறுப்பு கலந்திருக்கும், பிடரியில் கறுப்புத் திட்டு, வாலின் மேற்புறம் கறுப்பு, அடிப்புறம் வெள்ளை. தின்பது புல்லும் தளிரும் கடலைச் செடியின் கொழுந்தும். காதை எப்படி வரைவது என்று ஓவியருக்குச் சந்தேகம் வந்தால் சங்க நூலான பெரும்பாணாற்றுப்படையைப் பார்க்கச் சொல்லுங்கள். முள் தண்டுத் தாமரையின் புறவிதழ் போன்ற நெடுஞ்செவி என்று அங்கே இருக்கிறது. ஒரு தாமரை மொட்டை வாங்கி அந்த வெளியிதழை உரித்துக் கையில் வைத்துப் பார்த்தால் நீளம், குழிவு, நுனி எல்லாம் பிடிபடும். மாட்டுத்தாவணிப் பூச்சந்தைக்கு ஒரு நடை போனால் தீர்ந்தது.

படத்தில் முயல் வளைக்குள் இருந்து எட்டிப் பார்க்கிறது. காட்டு முயல் வளை தோண்டாது. புல்லிலும் புதரடியிலும் உடம்பளவுக்கு ஒரு பள்ளம் அமுக்கிப் படுக்கும், அவ்வளவுதான் அதன் வீடு. காலடி பக்கத்தில் வரும்வரை அசையாமல் கிடந்து, மிதிபடும் நொடியில் எழும்பி வளைந்து வளைந்து ஓடும். ஊர்க்கதைகளில் முயல் ஏன் கடைசி நேரத்தில் புத்தி வரும் பிராணியாக இருக்கிறது என்பதற்கு இந்தப் படுக்கையைப் பார்த்தாலே விடை கிடைக்கும். குட்டிகளும் மயிரோடும் திறந்த கண்ணோடும் பிறக்கும். தாய் அவற்றைப் புல்லில் மறைத்துவிட்டு விலகிப் போய், இருட்டிய பிறகு வந்து பால் கொடுக்கும். சீமை முயல் குட்டிதான் கண் மூடி மயிரில்லாமல் வளைக்குள் கிடப்பது. உங்கள் படத்தைப் பார்த்து வளரும் பிள்ளை, பொழியோரம் தனியாகக் கிடக்கும் மொசக்குட்டியைப் பார்த்தால் அனாதை என்று நினைத்து வீட்டுக்குத் தூக்கிப் போகும். பெரும்பாலும் அது பிழைக்காது. படப்பிழை என்று நாங்கள் சொல்வது இதைத்தான்.

நிலாவின் கறையில் தெரியும் முயலுக்கு ஒரு பத்திதான் கொடுத்திருக்கிறீர்கள். அதிலும் மூன்றாம் பிறைக்குள் முயல் முழுசாகப் படுத்திருக்கிறது. மூன்றாம் பிறையில் முயல் தெரியாது. வளர்பிறையில் முதலில் வெளிச்சத்துக்கு வருவது காது, அடுத்தது தலை, உடம்பு கடைசியில். முழுநிலா கிழக்கே உதிக்கும்போது முயல் காதை நிமிர்த்தி உட்கார்ந்திருக்கும். விடியும் முன் மேற்கே இறங்கும்போது காது கீழே, உடம்பு மேலே. சித்ரா பௌர்ணமி இரவில் ஊரே வைகையைச் சுற்றித்தானே இருக்கிறது, அன்றைக்கு எந்தப் பிள்ளையையும் நிமிர்ந்து பார்க்கச் சொல்லலாம். அதே கறையில் வடை சுடும் பாட்டியைக் காட்டும் வீடுகளும் உண்டு, இரண்டையும் எழுதுங்கள். சசம் என்றால் முயல், அதனால்தான் சந்திரனுக்குச் சசி என்றும் சசாங்கன் என்றும் பெயர். விருந்தாளிக்குக் கொடுக்க வேறு எதுவும் இல்லாமல் தன்னையே நெருப்பில் போட்டுக்கொண்ட முயலின் உருவை, இந்திரன் மலையைப் பிழிந்த சாற்றால் நிலாவில் எழுதினான் என்கிறது பௌத்த ஜாதகக் கதை. 1969இல் மனிதன் முதன்முதலாக நிலவில் இறங்கிய அமைதிக் கடல், நாம் முயலின் தலை என்று பார்க்கும் அந்தக் கறைதான். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்கு இதைவிட வேறு என்ன வேண்டும்?

யானைமலையின் சமணச் சிற்பங்களுக்குத் தொகுப்பில் தனியாக இரண்டு பக்கம் உண்டு. மகிழ்ச்சி. சமண மரபில் யானையும் முயலும் சேர்ந்த கதை ஒன்று இருக்கிறதே, அது எங்கே? காட்டுத்தீக்குத் தப்பிப் பிராணிகள் எல்லாம் ஒரு திடலில் நெருக்கிக்கொண்டு நிற்கின்றன. யானை உடம்பைச் சொறியக் காலைத் தூக்குகிறது. அந்த இடத்தில் ஒரு முயல் வந்து ஒண்டிக்கொள்கிறது. மிதித்துவிடக் கூடாதே என்று தீ அணையும் வரை தூக்கிய காலைத் தூக்கியபடியே நின்ற யானை, அடுத்த பிறவியில் மேககுமாரன் என்ற அரசகுமாரனாகப் பிறக்கிறது. அந்த மலையடியில் நின்று சொல்வதற்கு இதைவிடப் பொருத்தமான கதை இல்லை.

இதையெல்லாம் விட்டுவிட்டு ஆமையோடு பந்தயம் ஓடிய முயலுக்கு நாலு பக்கம், அதுவும் மதுரை வட்டாரக் கதை என்ற தலைப்பில். அது ஈசாப் கதை. நல்ல கதைதான், பிள்ளைகள் படிக்கட்டும், ஆனால் அதன் ஊர் கிரேக்கம் என்று எழுதுங்கள். முயல் விட்டுக் காக்கைப் பின் போனவாறே என்று அப்பர் திருவாரூரில் நொந்து பாடியது நினைவுக்கு வருகிறது. முயல் நாயை விரட்டிய கதையையும் மதுரைக்கு இழுத்து வந்திருக்கிறீர்கள். அது, முயலே நாயை விரட்டும் வீர மண் என்று பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை எழுந்த கதை, அந்த ஊர் தூத்துக்குடி மாவட்டத்தில் இருக்கிறது. விஜயநகரத்துக்கும் இதே போல ஒரு கதை உண்டு. மண்ணுக்கு வீரம் சொல்ல இந்த ஒரு கதை ஊர் ஊராகப் போயிருக்கிறது. போன வழியை எழுதினால் அதுவே அருமையான பாடம்.

ஒரு பெட்டிச் செய்தியை மட்டும் எந்த நிபந்தனையும் இல்லாமல் உடனே நீக்கச் சொல்கிறோம். முயல் ரத்தம் தடவினால் முடி வளரும் என்று பாட்டி வைத்தியம் என்ற தலைப்பில் போட்டிருக்கிறீர்கள். அதற்கு எந்த ஆதாரமும் கிடையாது. அதற்குப் பக்கத்திலேயே திருவிழாவையொட்டி ஊர் கூடிப் போகும் பாரிவேட்டையைப் பெருமையோடு விவரித்திருக்கிறீர்கள். வழக்கம் இருந்தது என்று எழுதுவதில் தவறில்லை. 1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி காட்டு முயலைப் பிடிப்பதும் கொல்வதும் குற்றம் என்ற ஒரு வரி அதோடு வந்தே ஆக வேண்டும். கண்ணி வைப்பது எப்படி என்ற விவரத்தைப் பள்ளிப் புத்தகத்தில் யாரும் கேட்கவில்லை.

கதையைப் பதிவு செய்வதற்கும் முறை இருக்கிறது. சொல்பவரின் ஊர், வயது, யாரிடம் கேட்டது, எந்த வேலைக்கு நடுவில் கேட்டது, இந்த நான்கும் அவர் சம்மதத்தோடு முதலில் எழுதப்பட வேண்டும். போனை இரண்டு முழத்துக்குள் வையுங்கள், மின்விசிறியை நிறுத்துங்கள். ம் கொட்ட அந்த ஊர் ஆள் ஒருவர் எதிரில் உட்கார வேண்டும். ம் கொட்ட ஆளில்லை என்றால் சொல்பவர் பாதியைச் சுருக்கிவிடுவார், பாட்டு வரும் இடத்தைத் தாண்டிப் போய்விடுவார். ஒரு மணி நேரப் பதிவைச் சொல்லுக்குச் சொல் எழுத ஒரு முழு நாள் வேண்டும். கம்மாயை ஏரி ஆக்காதீர்கள், அம்புட்டை அவ்வளவு ஆக்காதீர்கள். எழுதியதை அவருக்கே வாசித்துக் காட்டி, சரி என்ற பிறகு அச்சுக்குக் கொடுங்கள். உங்கள் பதிவு, மண்டபத்து ஒலிபெருக்கியிலிருந்து பிடித்தது. அதில் பாதி நேரம் கேட்பது நாற்காலி இழுக்கும் சத்தம்.

எந்த விழாவுக்குப் போனாலும் இதேதான் நடக்கிறது. கதை தெரிந்த கிழவர், கிழவிகளை வேன் வைத்துக் கூட்டி வருகிறார்கள், துண்டு போர்த்திப் படம் எடுக்கிறார்கள், சாப்பாட்டு நேரத்துக்கு முன்னால் ஐந்து நிமிடம் தருகிறார்கள். ஆடு மேய்க்கும் கீதாரிகள் கிடை போட்ட வயலில் ராத்திரி முழுக்கச் சொன்ன கதைகள் எத்தனை பேரோடு மண்ணுக்குள் போய்விட்டன. போன பிறகு அஞ்சலிக் கூட்டத்துக்கு மட்டும் மண்டபம் கிடைக்கிறது, நேரமும் கிடைக்கிறது. உங்களிடம் அரசு ஒதுக்கிய தாள் இருக்கிறது, மாவட்டம் முழுக்கப் பள்ளிகள் இருக்கின்றன, சொல்வதற்கு ஆட்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். இத்தனையும் வைத்துக்கொண்டு இப்படி ஒரு பகுதி வந்தால் கோபம் வராமல் என்ன செய்யும்?

கடுமையாக எழுதிவிட்டோம் என்றால் பொறுத்துக்கொள்ளுங்கள். உங்கள் உழைப்பைக் குறைத்துச் சொல்லவில்லை. தொகுப்பில் ஊருணிகள் பற்றிய பகுதியும் விளையாட்டுப் பாட்டுகளும் மிக நன்றாக வந்திருக்கின்றன, அவை அப்படியே அச்சாகட்டும். முயல் பக்கங்களை மட்டும் நிறுத்திவையுங்கள் என்றுதான் மறுபடியும் கேட்கிறோம். வரும் பௌர்ணமியன்று மாலை உங்களில் இரண்டு பேர் ஒலிப்பதிவுக் கருவியோடு மேலூர்ப் பக்கம் வந்தால் போதும். அந்த அப்பத்தாவிடம் பேசிவிட்டோம். முதலில் தயங்கினார், பிறகு வரச் சொல்லிவிட்டார். அவர் வீட்டு முற்றம் கிழக்குப் பார்த்தது, எதிரில் தெருவிளக்கு இல்லை. ம் கொட்டப் பேரப்பிள்ளைகள் இருக்கிறார்கள். அன்று மண்டபத்துத் தூண் ஓரத்தில் வைத்த சட்டி அவர் கைக்குத் திரும்பி வரவில்லை. உங்கள் பொருட்கள் அறையில் இருந்தால் தயவுசெய்து எடுத்து வாருங்கள்.

இப்படிக்கு,
நாட்டார் கதைகளைச் சேகரித்துவரும் சிலர்,
மதுரை