கழற்ற முன்னர் எங்கள் கண்முன்னே பாருங்கள்: போன் திருத்தும் கடைக்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்

மட்டக்களப்பு, அம்பாறை மாவட்டங்களில் கைத்தொலைபேசி திருத்தும் கடை நடத்தும் சகோதரர்களுக்கு,

வணக்கம். அஸ்ஸலாமு அலைக்கும்.

செங்கலடியிலிருந்து அக்கரைப்பற்று வரை பிரதான வீதியோரம் உங்கள் கடை இல்லாத சந்தி இல்லை. சத்தம் வரவில்லை என்று நாளாந்தம் எத்தனை போன் உங்கள் கண்ணாடி மேசைக்கு வருகிறது என்பது எங்களைவிட உங்களுக்குத்தான் தெரியும். அந்தப் போன்களைப் பற்றித்தான் இந்த மடல். கேட்பது ஒன்றுதான்: போனைக் கழற்ற முன்னர் எங்கள் கண்முன்னே சோதித்துப் பாருங்கள். என்ன பிழை என்று எங்களுக்கு விளங்கும்படி சொல்லுங்கள்.

இதை எழுத வைத்தது அண்மையில் நடந்த ஒரு விசயம். கொக்கட்டிச்சோலைப் பக்கம் எங்கள் அயலில் இருக்கும் பெரியம்மா ஒருவரின் போனில், காதில் வைத்தால் குரல் மிகச் சன்னமாகத்தான் கேட்டது. லவுட் ஸ்பீக்கரில் போட்டால் கணீர் என்று கேட்கும். மண்முனைப் பாலத்தால் பஸ் ஏறி, நகரத்தில் ஒரு கடைக்குக் கொண்டுபோனார். போனை வாங்கிய தம்பி அதைக் காதில்கூட வைத்துப் பார்க்கவில்லை. "போர்ட்டில பிழை அம்மா, வெச்சிட்டுப் போங்க" என்றிருக்கிறார். போர்ட் என்றால் போனுக்குள் இருக்கும் மின்சுற்றுப் பலகை. சொன்ன தொகைக்கு இன்னும் கொஞ்சம் போட்டால் பழைய போன் ஒன்றே வாங்கலாம். பெரியம்மா போனைத் திருப்பி வாங்கிக்கொண்டு வந்துவிட்டார்.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் என்ன நடந்தது என்பதை நீங்கள் அறிய வேண்டும். மகள் வீட்டு வேலைக்கு சவூதி போனவர். அங்கே வீட்டார் எல்லாரும் படுத்த பிறகுதான் அந்தப் பிள்ளைக்குக் கதைக்கக் கிடைக்கும். அங்கே நடுச்சாமம் பன்னிரண்டு என்றால் இங்கே இரண்டரை மணி. தாய் விழித்திருந்து போனை எடுப்பார், காதில் வைத்தால் கேட்காது. "சத்தமாக் கதை மனே, ஒண்டும் கேக்குதில்ல" என்பார். சத்தமாகக் கதைத்தால் அங்கே எசமானி எழும்பிவிடுவார் என்று பிள்ளைக்குப் பயம். அதனால் இங்கே லவுட் ஸ்பீக்கரில் போடுவார்கள். அந்த நிசப்தத்தில் பிள்ளையின் ஒவ்வொரு சொல்லும் வீடு முழுக்கக் கேட்கும், பக்கத்து வளவுக்கும் போகும். சம்பளம் சரியாகத் தருகிறார்களில்லை என்று தாயிடம் சொல்லத்தான் ஒருநாள் எடுத்திருக்கிறது. "ஆரும் பக்கத்தில இருக்காங்களாம்மா?" என்று கேட்டிருக்கிறது. பிள்ளையின் புருசனின் ஆக்கள் இங்கே அடுத்த அறையில் படுத்திருந்தார்கள். "ஒண்டுமில்ல, சும்மாதான் எடுத்தன்" என்று வைத்துவிட்டது. விசயம் பிறகு வேறு ஆட்கள் மூலம்தான் தாயின் காதுக்கு வந்தது.

ஒரு பிள்ளை தன் கஷ்டத்தைத் தாயின் காதில் மட்டும் சொல்ல முடியாமல் போனது எதனால்? போர்ட்டிலே பிழை இல்லை. அந்தப் போனை நான் வாங்கி வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தேன். திரைக்கு மேலே, காதில் வைக்கும் இடத்தில், குரல் வெளிவருவதற்கென்று நகக்கீறல் அளவுக்கு ஒரு நீளப் பிளவு. அதற்குள்ளே இருக்கும் மெல்லிய வலையில் வெள்ளாமை வெட்டுக்காலத் தூசியும் முகப்பவுடரும் வியர்வையும் தலையில் வைத்த தேங்காயெண்ணெயும் சேர்ந்து சாம்பல் நிறத்தில் இறுகிப்போய்க் கிடந்தன. கடையில் ஒட்டிக் கொடுத்த டெம்பர் கிளாஸ் அந்தப் பிளவின் அரைவாசியை மூடியிருந்தது. கிளாஸைக் கழற்றினேன். போனை அணைத்து, திரை நிலத்தைப் பார்க்கக் கவிழ்த்துப் பிடித்து, காய்ந்த மென்மையான பல் தூரிகையால் பிளவோடு நீளவாக்கில் மெதுவாகத் துலக்கினேன். பிறகு ஒட்டும் நாடாவை அதன்மேல் அழுத்தி அழுத்தி எடுத்தேன். நாடா கறுத்து வந்தது. அழைப்பு எடுத்துப் பார்த்தால் குரல் தெளிவாக இருந்தது. இன்றைக்கு அந்தப் பெரியம்மா போனைக் காதில் வைத்துக் கதைக்கிறார்.

தம்பிமாரே, நீங்கள் இதைச் செய்திருந்தால் அதற்குக் கூலி கேட்கலாம், சந்தோசமாகத் தந்திருப்பார். துப்புரவாக்கியதற்கு இவ்வளவு என்று சொல்வதில் ஒரு குறையும் இல்லை. பார்க்காமலே போர்ட் என்று சொன்னதுதான் நெஞ்சைச் சுடுகிறது.

மேசையில் வைத்தே பார்க்கக்கூடியவை எத்தனை இருக்கின்றன! பெரும்பாலான சாம்சங் போன்களில் *#0*# என்று அழுத்தினால் சோதனைத் திரை வரும்; அதில் ரிசீவரையும் (காதில் வைத்துக் கேட்கும் சிறு ஸ்பீக்கர்) லவுட் ஸ்பீக்கரையும் தனித்தனியே ஒலிக்கச் செய்து பார்க்கலாம். ஷாவோமி போன்களுக்கு *#*#6484#*#* இருக்கிறது. ஒன்றும் இல்லாவிட்டால் குரல் பதிவுச் செயலி போதும். அதில் நம் குரல் தெளிவாகப் பதிந்து, வாட்ஸப் அழைப்பில் மட்டும் மறுபக்கம் கேட்கவில்லை என்றால் மைக் பழுதில்லை, வாட்ஸப்புக்கு மைக் அனுமதி மூடிக் கிடக்கிறதா என்றுதான் பார்க்க வேண்டும். சாதாரண அழைப்பில் சரியாக இருந்து, ஸ்பீக்கரில் போடும்போதோ வீடியோ அழைப்பிலோ மட்டும் நம் குரல் மங்கினால், மேல் ஓரத்தில் இருக்கும் இரண்டாவது மைக்கின் துளையைப் பார்க்க வேண்டும். பல போன்கள் அந்நேரம் அதையும் பாவிக்கின்றன. பிள்ளைகள் சிம் கழற்றும் ஊசியை அந்தத் துளைக்குள் குத்திவிடுவார்கள். அப்படிக் குத்தினால் உள்ளே இருக்கும் மென்சவ்வு கிழிந்துவிடும் என்று ஒரு வார்த்தை சொல்லி அனுப்பினால் எவ்வளவு உதவி!

ஹெட்போன் குறி மேலே நின்றுகொண்டு ஸ்பீக்கர் ஊமையாக இருந்தால், ஹெட்போன் துளைக்குள் காற்சட்டைப் பையின் பஞ்சு அடைந்திருக்கும். போன் அடிக்கிறது, எடுத்தால் குரல் இல்லை என்றால், வாசலில் நிற்கும் மகனின் ஓட்டோ செட்டுக்கு ப்ளூடூத்தில் சத்தம் போய்க்கொண்டிருக்கும். அழைப்புக்கு ஒரு சத்த அளவு, பாட்டுக்கு வேறு, மணிக்கு வேறு. அழைப்பில் இருக்கும்போது பொத்தானை அமத்தினால்தான் அழைப்பின் சத்தம் கூடும் என்பதுகூட எங்கள் வயதானவர்கள் பலருக்குத் தெரியாது. இது எதுவும் போனைத் திறந்து பார்க்கும் வேலையில்லை. வீட்டில் நாங்களே செய்யலாம், சொல்லித்தர ஆள் இருந்தால்.

எல்லாம் தூசிதான் என்று நான் சொல்லவரவில்லை. ஐபோன் 7இல் ஒலிக்கான ஐசி, அதாவது சிப், போர்ட்டிலிருந்து விட்டுப்போகும் பிழை உலகமெங்கும் வந்தது. அதைப் பல் தூரிகையால் சரிசெய்ய முடியாது, உங்கள் கையும் நுண்ணோக்கியும்தான் வேண்டும். வாவியில் விழுந்த போனும் அப்படித்தான். உப்புத்தண்ணீர் உள்ளே நிற்கும் ஒவ்வொரு மணித்தியாலமும் செம்பைத் தின்னும். உடனே அணைத்து, சார்ஜ் போடாமல் உங்களிடம் கொண்டுவருவதுதான் சரி. ஆனால் எங்கள் சனம் அதை அரிசிச் சாக்குக்குள் புதைத்து வைத்துவிட்டு நாளை மறுநாள் வருகிறது. அரிசிக்குள் வைக்க வேண்டாம், அதன் துகள்கள் போனைப் பழுதாக்கலாம் என்று ஆப்பிள் நிறுவனமே 2024இல் சொல்லிவிட்டது. மாரி தொடங்க முன்னர் இதைத் தமிழில் எழுதி உங்கள் கதவில் ஒட்டினால் எத்தனை போன் தப்பும். உங்களுக்கும் திருத்தக்கூடிய நிலையில் வந்துசேரும்.

2022இல் டொலர் 200 ரூபாயிலிருந்து 360 வரை ஏறிய பிறகு ஒரு போனின் விலை என்ன ஆனது என்பது உங்களுக்குத் தெரியாததல்ல, நீங்கள்தான் எங்களுக்கு விற்றீர்கள். தோட்டை அடகு வைத்துப் போன் வாங்கிய வீடுகள் வாவிக்கு மேற்கே எங்கள் படுவான்கரையில் இருக்கின்றன. போன் என்று மட்டுமில்லை. தண்ணீர் மோட்டரைக் கொண்டுபோனாலும் இதே கதை, மின்விசிறிக்கும் இதே கதை. "அது போயிட்டுது, புதுசு போடணும்." எது போனது, எப்படிப் போனது என்று கேட்டால் முகம் சுளிக்கிறார்கள். காசு எங்களுடையது, பொருள் எங்களுடையது, அதற்கு என்ன நோய் என்பதை மட்டும் நாங்கள் அறியக்கூடாதாம். வயதான பெண் ஒருத்தி தனியாக வந்து நின்றால், அவவுக்கு என்ன விளங்கும் என்ற நினைப்பு. இந்த நினைப்புத்தான் எனக்குத் தாங்கவில்லை.

சரி, கோபத்தில் கேட்க வந்தது பின்னுக்குப் போகிறது. நேர்மையாகத் தொழில் செய்யும் பலர் உங்களில் இருக்கிறார்கள். ஸ்பீக்கரை ஊதித் துடைத்துவிட்டு "காசு வேணாம், கொண்டு போங்க" என்று அனுப்பிய கடைகளும் இங்கே உண்டு. அவர்களையும் சேர்த்தே பணிவாகக் கேட்கிறேன்.

சத்தப் பிழை என்று யார் வந்தாலும், போனைக் கழற்ற முன்னர் அவர் முன்னாலேயே சோதியுங்கள். முதலில் கிளாஸையும் வலையையும் பாருங்கள், பிறகு அமைப்புகளைப் பாருங்கள், அதற்குப் பிறகு போர்ட்டைப் பற்றிக் கதையுங்கள். பிழை என்ன, கூலி எவ்வளவு என்பதை ஒரு துண்டில் தமிழில் எழுதிக் கொடுங்கள். ஸ்பீக்கரை மாற்றினால் பழையதைக் கையில் தாருங்கள். பற்றுச்சீட்டுக் கேட்டால் கொடுக்க வேண்டும் என்று 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நுகர்வோர் சட்டமே சொல்கிறது; சட்டத்தைக் காட்டிக் கேட்க எங்களுக்கு விருப்பமில்லை, நீங்களாகவே தந்தால் போதும்.

வர்த்தகச் சங்கங்களில் பொறுப்பில் இருப்பவர்கள் அடுத்த கூட்டத்தில் இதை எடுத்துக் கதைக்க வேண்டும் என்றும் தயவாகக் கேட்டுக்கொள்கிறேன். இந்த நடைமுறைக்கு வரும் கடைகள் வாசலில் ஒரு வரி எழுதிப் போடுங்கள். பெரியம்மாவைப் போன்றவர்களை அந்தக் கடைக்கு நாங்களே கூட்டிவருவோம்.

இப்படிக்கு,
படுவான்கரையிலிருந்து ஒரு வாடிக்கையாளர்