செயலாளரின் ஆண்டறிக்கை: பறை படமான வருடம்

தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

இந்த ஆண்டு நமது திரைப்படச் சங்கத்தின் மாதாந்தரத் திரையிடல் நவம்பர் மழையில் மட்டும் தடைபட்டது. திரையிட்டவற்றில் இரண்டு குறும்படங்களைப் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும். நாமே ஒரு படம் எடுக்கத் துணிந்தது அவற்றைப் பார்த்துத்தான்.

மாயா டெரன் 1945இல் எடுத்த 'எ ஸ்டடி இன் கோரியோகிராஃபி ஃபார் கேமரா' சில நிமிடங்களே ஓடும், ஒலி கிடையாது. நடனக் கலைஞர் டாலி பீட்டி காட்டில் தூக்கிய காலை வீட்டுக்குள் ஊன்றுகிறார். சத்தமில்லாத படத்தில் தாளம் கேட்டதாக நம்மில் பலர் சொன்னார்கள். எனக்கும் கேட்டது. நார்மன் மெக்லாரன் கனடாவில் 1968இல் எடுத்த 'பா த தூ'வில் ஆடுபவர்கள் இருவர்தான். ஒரே அசைவை, எடுத்த படச்சுருளை மறுபடியும் படம்பிடிக்கும் ஆப்டிகல் பிரிண்டர் என்ற கருவியில் பதினோரு முறை வரை தள்ளித் தள்ளிப் பதித்திருப்பதால், ஒரு கை நகர்ந்தால் விசிறி மாதிரி கைகள் விரிகின்றன. அன்று விளக்கைப் போடவிடாமல் மறுபடியும் ஓட்டச் சொன்னீர்கள்.

சரி, நம் படத்துக்கு வருகிறேன். பக்கத்து ஊர்ப் பறைக் குழுவின் ஆட்டத்தைத் தனியாகவும் இசையைத் தனியாகவும் பதிவுசெய்து சேர்த்துவிடலாம் என்று நினைத்தோம். உட்கார்ந்து அடிக்கச் சொன்னதும் ஆசான் மறுத்துவிட்டார். அடவு வைக்காமல் அடி வராது என்றார். அவர் சொன்னதே சரி. பறையில் அடிப்பவர்தான் ஆடுபவர். கால் ஊன்றும் வேகம் குச்சியில் இறங்குகிறது. அதனால் நிறுத்தாமல் ஒரே டேக்காக எடுத்தோம். படத்தில் அந்த ஆட்டம் மூன்று முறை வருகிறது: முதலில் ஒலியில்லாமல், அப்புறம் இருட்டில் ஒலி மட்டும், கடைசியில் இரண்டும் சேர்ந்து.

ஈரக்காற்றில் பறையின் தோல் தொய்ந்து தொய்ந்து போனது. வைக்கோலைக் கொளுத்தி ஒவ்வொரு முறையும் காய்ச்ச வேண்டியிருந்தது. காயக் காயத் தோல் இறுகி ஒலி ஏறுவதை ஒருவர் படம்பிடித்து வைத்திருந்தார். அதுவே படத்தின் தொடக்கமாகிவிட்டது.

தங்களைச் சாவு வீட்டோடு மட்டும் சேர்த்துக் காட்டக் கூடாது என்று குழுவினர் கேட்டுக்கொண்டார்கள். அது நியாயம். படத்தில் முதலில் வருவது அவர்கள் பெயர்கள்தான். அவர்களுக்குச் சம்பளம் கொடுத்த பிறகே மற்ற செலவுகளைப் பார்த்தோம்.

முதல் திரையிடலை அவர்கள் தெருவிலேயே வைக்க நிர்வாகக் குழு விரும்புகிறது. உறுப்பினர்களின் ஒப்புதலைக் கோருகிறேன். வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் வாசிப்பார்.

இப்படிக்கு,
செயலாளர்