காலியிடம் கீழே இறங்கும் வழி

தல்லாகுளம்,
மதுரை.

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி தணிந்திருக்கிறது என்று அறிந்ததில் மகிழ்ச்சி. இங்கே அனைவரும் நலம். சித்திரைத் திருவிழாவுக்கு வந்த உறவினர் கூட்டம் இப்போதுதான் கலைந்தது.

கடைசிப் பத்தியில் நீ எழுதியிருந்ததை நான்கு நாட்களாக மனத்தில் போட்டு உருட்டிக்கொண்டிருக்கிறேன். இராணுவத்தில் பதவி உயர்வுக்கான தேர்வு போர்டுக்கு மூன்று முறை போயும் தேர்வாகாமல், 26 ஆண்டு சேவை முடிந்த பிறகு கால அடிப்படையில்தான் கர்னல் ஆனதாகவும், உன்னிடம் என்ன குறை இருந்தது என்று இன்றும் தெரியவில்லை என்றும் எழுதியிருந்தாய். வாழ்நாள் முழுவதும் புள்ளியியல் கற்றுக்கொடுத்தவன் என்ற உரிமையில் சொல்கிறேன்: அந்தக் கேள்வியை உன்னிடம் கேட்பதற்கு முன்னால், உன் பேட்ச், அதாவது உன்னோடு ஒரே ஆண்டில் கமிஷன் பெற்று அதிகாரியானவர்கள், எவ்வளவு பெரியது, அந்த ஆண்டுகளில் மேலே எத்தனை இடங்கள் காலியாயின என்பதைக் கேட்டிருக்க வேண்டும்.

உங்கள் ஏணியில் இரண்டு விதமான படிகள் இருக்கின்றன. அதிகாரிகளின் பதவி உயர்வை ஆராய்ந்த ஏ.வி. சிங் குழுவின் பரிந்துரை 2004 டிசம்பரில் நடைமுறைக்கு வந்த பிறகு, 2 ஆண்டில் கேப்டன், 6 ஆண்டில் மேஜர், 13 ஆண்டில் லெப்டினன்ட் கர்னல் என்று பெரும்பாலும் சேவைக்காலமே ஒருவரை மேலே தள்ளுகிறது. இந்தப் பகுதிக்கு, ஒரு நிலையில் இருப்பவர்களில் ஆண்டுக்கு எத்தனை விழுக்காட்டினர் அடுத்த நிலைக்குப் போகிறார்கள், எத்தனை விழுக்காட்டினர் விலகுகிறார்கள் என்று மார்க்கோவ் சங்கிலி என்ற நிகழ்தகவுக் கணக்காக எழுதிவிடலாம். 1960களில் இங்கிலாந்தில் புள்ளியியலாளர் டேவிட் பார்தலோமியு இதைத்தான் விரிவாக வளர்த்தெடுத்தார். ஆனால் கர்னலுக்குத் தேர்வாகும் இடத்தில் அந்தக் கணக்கு பொருந்துவதில்லை, ஏனென்றால் அங்கே கீழே இருப்பவர் தள்ளப்படுவதில்லை; மேலே ஓர் இடம் காலியானால்தான் அவர் இழுத்துக்கொள்ளப்படுகிறார். காலியிடங்களையே பின்தொடர்ந்து எண்ண வேண்டும் என்று 1970இல் காட்டிய அமெரிக்கச் சமூகவியலாளர் ஹாரிசன் வைட், அதற்கு எடுத்துக்கொண்டது படையை அல்ல, தேவாலயங்களின் குருமார் பணியிடங்களை.

நம் ஊர்க் கண்மாய்களை நினைத்துக்கொள். மேல் கண்மாய் நிறைந்து மறுகால் பாய்ந்தால்தான் அடுத்த கண்மாய்க்குத் தண்ணீர் வரும். மேஜர் ஜெனரல் ஒருவர் 58 வயதில் ஓய்வு பெற்றால் அந்தக் காலியிடம் பிரிகேடியர் நிலைக்கு இறங்குகிறது. அதை நிரப்பியதும் கர்னல் நிலைக்கு இறங்குகிறது. அதற்கும் கீழே நீயும் உன் பேட்ச்காரர்களும் காத்திருக்கிறீர்கள். ஒரு பேச்சுக்கு, ஒரு நிலையில் 100 இடங்கள், ஒருவர் சராசரியாக அங்கே 5 ஆண்டு இருக்கிறார் என்று வைத்துக்கொண்டால் ஆண்டுக்கு 20 இடங்கள் காலியாகும். அந்த ஆண்டு போட்டியிடும் பேட்ச் 80 பேர் என்றால் நால்வரில் ஒருவருக்குத்தான் இடம். 50 பேர் என்றால் ஐவரில் இருவருக்குக் கிடைக்கும். இரண்டு பேட்சிலும் ஆட்களின் திறமை ஒன்றாகவே இருக்கலாம். நீ எந்த ஆண்டில் கமிஷன் பெற்றாய் என்பது உன் கையில் இருந்ததா? உன் தகுதியைப் பற்றி இந்தக் கணக்கு எதுவும் சொல்லாது என்பதையும் நேர்மையாகச் சொல்லிவிடுகிறேன். நீ முப்பது ஆண்டுகளாக உன்மீது சுமத்திக்கொண்ட பழியில் ஒரு பெரும்பங்கு உன்னுடையது அல்ல என்று மட்டும் அது சொல்லும்.

இப்படிப்பட்ட கணக்கில் நானே ஒருமுறை தவறியிருக்கிறேன். திருமங்கலம் பக்கத்து ஊர்களில் படைவீரர்களின் சராசரி சேவைக்காலத்தை மாணவர்களைக் கொண்டு கணக்கிட்டபோது, ஊர் திரும்பியவர்களை மட்டுமே கேட்டோம். இன்னும் எல்லையில் இருப்பவர்களை, அதாவது நெடுங்காலம் நீடிக்கக்கூடியவர்களையே, விட்டுவிட்டதால் சராசரி குறைவாக வந்தது. சேவை இன்னும் முடியாதவர்களை எப்படிக் கணக்கில் சேர்ப்பது என்பதற்குப் புள்ளியியலாளர்கள் கப்லானும் மேயரும் 1958இலேயே வழி சொல்லியிருந்தார்கள்; அதை வகுப்பில் நடத்திய நானே களத்தில் மறந்தது இன்றும் உறுத்துகிறது.

அதிகாரிகளைப் பற்றி மேலதிகாரிகள் எழுதும் ரகசிய அறிக்கைகளை எண்ணாக்கி இப்படிப்பட்ட கணித மாதிரியில் நுழைப்பதிலும் எனக்குத் தயக்கம் உண்டு. பெண் அதிகாரிகளின் நிரந்தர கமிஷன் (ஓய்வு வயது வரை பணியில் நீடிக்கும் உரிமை) வழக்கில் 2021 மார்ச் 25 அன்று உச்ச நீதிமன்றம் சொன்னது நினைவிருக்கும்: அவர்களுக்கு நிரந்தர கமிஷன் கிடைக்கவே வழியில்லாத காலத்தில் அக்கறையின்றி எழுதப்பட்ட அறிக்கைகளைப் பின்னாளில் அளவுகோலாக்கியது மறைமுகமான பாகுபாடு. அந்த அறிக்கைகளிலிருந்து கற்றுக்கொள்ளும் எந்தச் சூத்திரமும் அதே பாகுபாட்டைத்தான் திருப்பிச் சொல்லும்.

இன்னொரு செய்தி. உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து என் பழைய மாணவரின் மகன் வந்திருந்தான். நான்கு ஆண்டுக்கு மட்டும் படையில் எடுக்கப்படும் அக்னிவீராகச் சேர ஆசை. அதன் முடிவில் 25 விழுக்காட்டினர் நிரந்தரமாக்கப்படுவார்கள் என்பதைத் தனக்கு நான்கில் ஒரு வாய்ப்பு என்று எடுத்துக்கொண்டிருக்கிறான். 2022இல் அறிவிக்கப்பட்டது 25 விழுக்காடு வரை என்ற உச்சவரம்பு. அது அணி முழுவதற்குமானது, அவன் ஒருவனுக்கானது அல்ல என்று விளக்கினேன். தரைப்படையின் முதல் அணி 2023 ஜனவரியில் பயிற்சிக்குப் போனது என்பதால், எத்தனை பேர் இடையில் விலகினார்கள், எத்தனை பேர் தங்கினார்கள் என்ற உண்மையான வரைகோட்டை 2027இல்தான் போட முடியும். அதுவரை, முடிவில் கைக்கு வரும் சேவா நிதி என்ற சுமார் 11.71 லட்சம் ரூபாய் மொத்தத் தொகையையும் தொடர்ந்து படிப்பதையும் கணக்கில் வைத்துத் திட்டமிடச் சொன்னேன். அடுத்த ஞாயிறு தந்தையோடு மறுபடி வருகிறான். அன்று நீ தொலைபேசியில் அவனிடம் பேசினால் நன்றாக இருக்கும்.

எனக்கு ஓர் உதவி செய். உன் பேட்ச்காரர்களின் பெயர் வேண்டாம்; கமிஷன் பெற்ற ஆண்டு, எந்தப் போர்டில் தேர்வானார், எப்போது விலகினார் என்ற மூன்றை மட்டும் ஒரு தாளில் எழுதி அனுப்பு. இடையில் விலகியவர்களை விட்டுவிடாதே.

உன் பழைய பெஞ்சுத் தோழன்